திங்கட்கிழமை, நாழிகை ஐம்பத்தைந்து

போலந்திலிருந்து வந்த இசை வரலாற்றாசிரியர் கொழும்பில் ஐந்து நாள் தங்குவதாகத்தான் ஏற்பாடு. தொற்றுநோய்க்காக ஊரடங்கு போட்டார்கள், விமான நிலையத்தையும் மூடினார்கள். எங்கள் வெள்ளவத்தை வீட்டில் அறுபத்தெட்டு நாள் தங்கினார். அந்த அறுபத்தெட்டு நாளில் நான் செய்த ஒரு கணக்குப் பிழையைப் பற்றித்தான் எழுதுகிறேன். யாருடைய பெயரையும் போடப்போவதில்லை. திகதிகளையும் விட்டுவிடுகிறேன். நாற்பது வருடமாக நாட்குறிப்பு எழுதுகிறவனுக்கு அது எளிதல்ல. ஆனாலும் திகதியை வைத்தே ஆட்களைக் கண்டுபிடிக்கக்கூடியவர்கள் இருக்கிறார்கள்.

நான் துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு கப்பல் முகவர் அலுவலகத்தில் எழுதுவினைஞனாக இருந்து ஓய்வு பெற்றவன். பழைய பயணிகள் பட்டியல்களைப் பற்றிக் கொஞ்சம் தெரியும். அதைவிட எங்கள் பகுதியில் என்னை அறிந்தவர்கள் கல்வெட்டுக்காகத்தான் அறிவார்கள். எங்கள் ஆட்களில் ஒருவர் காலமானால் முப்பத்தோராம் நாள் சடங்கான அந்தியேட்டிக்கு வருகிறவர்களின் கையில் கொடுக்க ஒரு சிறு புத்தகம் அச்சடிப்பார்கள். அதுதான் கல்வெட்டு. முன்பக்கத்தில் இறந்தவரின் படமும் திதி சொல்லும் வெண்பாவும், நடுவில் தேவாரம், பின்னால் வாழ்க்கை வரலாறு. அந்த வரலாற்றை எழுதித்தருமாறு என்னிடம் வருவார்கள். பிறந்த நாள், பள்ளியில் சேர்ந்த நாள், முதல் நியமனம், கலியாணம், இடமாற்றம் என்று ஒன்றையும் தவறவிட மாட்டேன் என்ற பெயர் எனக்கு இருந்தது. அந்தப் பெயரை நானும் நம்பினேன்.

வரலாற்றாசிரியர் எனக்கு இரண்டு வருடமாக மின்னஞ்சல் எழுதிக்கொண்டிருந்தார். இரண்டாம் உலக யுத்தம் தொடங்கிய காலத்தில் பயணிகள் கப்பல் ஒன்றில் பியானோ வாசிக்க வந்த போலந்துக்காரர் ஒருவர், நாடு திரும்ப வழியில்லாமல் கொழும்பில் அகப்பட்டுக்கொண்டார். கொட்டாஞ்சேனையில் ஒரு தமிழ் வீட்டின் மேல்மாடி அறையில் இருந்துகொண்டு பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லிக்கொடுத்தார். சில வருடங்களில் காய்ச்சலில் இறந்துபோனார். அவருடைய வரலாற்றைத்தான் இவர் எழுதிக்கொண்டிருந்தார். கடைசி அத்தியாயத்துக்காக இங்கே வந்தார்.

வரலாற்றாசிரியருக்கு எழுபத்தாறு வயது. நெட்டையானவர், ஆனால் கதிரையில் இருக்கும்போது மடித்துவைத்த குடை மாதிரிச் சுருங்கிவிடுவார். ஊரடங்கு அறிவித்த அன்று அவருடைய விருந்தினர் விடுதியை மூடிவிட்டார்கள். பெட்டியோடு எங்கள் வாசலில் வந்து நின்றார். மனைவி கதவைத் திறந்து பார்த்துவிட்டு உள்ளே வந்து சொன்னாள்: "உங்கட வெள்ளைக்காரர் வந்திருக்கிறார். ரெண்டு பெட்டி. ஒண்டில உடுப்பு, மற்றதில முழுக்கக் கடுதாசி. எது பெரிசு எண்டு நீங்களே போய்ப் பாருங்கோ."

கடுதாசிப் பெட்டிதான் பெரிது. உள்ளே அட்டைகள். ஒரு நாளுக்கு ஓர் அட்டை. பியானோக்காரர் கொழும்பில் உயிரோடிருந்த ஒவ்வொரு நாளுக்கும் ஒன்று, தெரியாத நாளுக்கும் ஒன்று. அது வெறுமையாக இருக்கும். வெறும் அட்டையை ஏன் சுமந்து வந்தீர்கள் என்று கேட்டேன். "அந்த நாளும் அவர் இருந்தார் அல்லவா?" என்றார். எனக்கு அவரைப் பிடித்துப்போனது அந்தக் கணத்தில்தான்.

எங்கள் வீடு காலி வீதி என்ற பெருந்தெருவுக்கும் கடலுக்கும் இடையிலுள்ள ஒரு ஒழுங்கையில், இரண்டாம் மாடி. இரண்டு அறை, ஒரு கூடம், முன்பக்கம் ஒரு ஆள் நிற்கக்கூடிய அகலத்தில் பல்கனி. அந்த வீட்டுக்குள் மூன்று பேர். கடல் நூறு யார் தூரத்தில் இருந்தது. அதுவரை போக அனுமதி இல்லை. காலையில் அவர் பல்கனியில் நிற்பார், பத்து மணிக்கு நான் நிற்பேன், மாலையில் மனைவி. அப்படி ஒரு முறை தானாகவே வந்துவிட்டது. சாப்பாட்டு மேசையை அட்டைகள் பிடித்துக்கொண்டன. நாங்கள் புட்டையும் சொதியையும் மடியில் வைத்துச் சாப்பிட்டோம்.

"உங்களுக்கு இவ்வளவு நாளும் ஒரு சோடி இல்லாமல் இருந்தது. கடவுள் விமானத்தில ஏத்தி அனுப்பியிருக்கிறார்," என்றாள் மனைவி.

ஒழுங்கைக்கு வந்த ஒரே வண்டி சூன் பாண் ஆட்டோ. ஐரோப்பிய இசைமேதை ஒருவரின் பியானோத் துண்டின் முதல் அடிகளை ஒலிபெருக்கியில் போட்டுக்கொண்டு பாண் ரொட்டி விற்கும் அந்த ஆட்டோவை நாங்கள் பிறந்ததிலிருந்து கேட்பதுபோல் கேட்டுக்கொண்டிருப்போம். அவருக்கு அது உடம்பில் முள் தைப்பது மாதிரி. இரண்டாம் பகுதிக்குப் போகாமல் திரும்பத் திரும்பத் தொடக்கத்துக்கே வருகிறதே என்று தவிப்பார். ஒருநாள் கீழே இறங்கிப் பாண்காரரிடமே ஆங்கிலத்தில் முறையிட்டார். பாண்காரர் என்னைப் பார்த்துச் சிங்களத்தில், "மாத்தயா, சுத்தா மொனவத கியன்னே?" என்று கேட்டார். வெள்ளைக்காரர் என்ன சொல்கிறார் என்றால், பாட்டை முழுக்கப் போடச் சொல்கிறார் என்றேன். பாண்காரர் சிரித்து, முழுப்பாட்டையும் கேட்பதென்றால் முழுப் பாணையும் வாங்கச் சொல்லுங்கள் என்றார். வாங்கினோம். பாட்டு அப்படியேதான் இருந்தது.

தன்னுடைய வாழ்க்கையை அந்த நாட்களில் துண்டு துண்டாகச் சொன்னார். தகப்பன் ஒரு சிறு நகரத்துத் தேவாலயத்தில் ஓர்கன் வாசித்தவர். இவரும் வாசிக்கத்தான் படித்தார். ஆசிரியர் ஒருநாள், உனக்கு விரல்களைவிட ஞாபகம் நல்லது என்று சொல்லிவிட்டார். அதற்குப் பிறகு அவர் பொதுமேடையில் வாசிக்கவில்லை. நூலகத்துக்குள் போனவர் வெளியே வரவேயில்லை என்று அவரே சொல்லிச் சிரிப்பார். மூன்று வாழ்க்கை வரலாறுகள் எழுதினார். ஒவ்வொன்றுக்கும் பத்து வருடத்துக்கு மேல். முதல் புத்தகம்தான் அவருக்குப் பெயர் வாங்கிக்கொடுத்தது. அவர்கள் நாட்டில் எல்லோரும் மனப்பாடமாகச் சொல்லும் ஓர் இசைக்கலைஞரின் கடைசிக் கடிதத்தை, அது அவர் எழுதியதல்ல, மாணவன் ஒருவன் பின்னால் எழுதியது என்று திகதியை வைத்தே காட்டிவிட்டார். பத்திரிகைகள் திட்டின. தகப்பனே ஒரு வருடம் பேசவில்லையாம். ஆனால் யாராலும் மறுக்க முடியவில்லை.

"அன்றிலிருந்து கடைசிக் கடிதம் என்று யாராவது சொன்னால் நான் முதலில் நாளைத்தான் பார்ப்பேன்," என்றார்.

இங்கேயும் ஒரு கடைசிக் கடிதம் இருந்தது.

ஊரடங்குக்கு இரண்டு நாள் முன்னர் நாங்கள் கொட்டாஞ்சேனைக்குப் போயிருந்தோம். பியானோக்காரர் தங்கியிருந்த வீட்டுக்காரரின் பேத்தி இன்னும் அதே வீட்டில் இருக்கிறார். எழுபத்திரண்டு வயது, சங்கீத ஆசிரியையாக இருந்தவர், தனியாள். அவருடைய தாய்தான் பியானோக்காரரின் மாணவி. கூடத்தில் பழைய பியானோ நின்றது. அதன்மேல் துணி விரித்து, துணியின்மேல் ஒரு பிஸ்கட் ரின். அதற்குள்தான் கடிதம். மாணவிக்கு ஆங்கிலத்தில், பென்சிலால், நடுங்கிய கையால் எழுதியது. எழுத்தை வேறெதோடும் ஒப்பிட முடியாத அளவுக்கு நடுக்கம். மேலே செவ்வாய்க்கிழமைத் திகதி. முதல் வரி: செவ்வாய் பிறந்துவிட்டது, எனக்கு இன்னும் தூக்கம் வரவில்லை. உனக்குப் பாடம் சொல்வதற்காக நான் எழுதிய பன்னிரண்டு சிறு துண்டுகளும் உன்னுடையவை, என்னிடம் வேறு பிரதி இல்லை, ஐந்தாவதை அவசரப்படாமல் வாசி என்று அதில் இருந்தது. அந்தப் பன்னிரண்டும் தாயின் அப்பியாசக் கொப்பியில், தாயின் கையெழுத்தில் இருந்தன.

"அம்மா சாகுமட்டும் அஞ்சாவதை வாசிச்சவ," என்றார் அந்த அம்மா. "நானும் வாசிப்பன். விரல் இப்ப விடாது தம்பி, இல்லாட்டி இவருக்குக் காட்டியிருப்பன்."

பாட்டனாரின் குறிப்புப் புத்தகத்தையும் எடுத்துத் தந்தார். பாட்டனார் புறக்கோட்டையில் கடை வைத்திருந்தவர். பஞ்சாங்கம் பார்க்காமல் கடையைத் திறக்காதவர். வீட்டில் நடந்த பிறப்பு இறப்பெல்லாம் அதில் எழுதியிருந்தார். பியானோக்காரரின் மரணமும் ஒரே வரியில் இருந்தது: தமிழ் மாதம், தேதி, சோமவாரம், நாழிகை ஐம்பத்தைந்தில் துரை காலமானார். நான் கடிதத்தையும் அந்தப் பக்கத்தையும் படமெடுத்துக்கொண்டேன்.

பூட்டிய வீட்டுக்குள் அந்த வரியை மாற்றித்தரும் வேலை எனக்கு வந்தது. அவர் கடைசி அட்டையை மேசையில் வைத்துப் பேனாவைத் திறந்துகொண்டு இருந்தார். நான் பழைய பஞ்சாங்கப் பிரதிகளை வலைத்தளங்களில் தேடி, தமிழ்த் தேதியை ஆங்கிலத் திகதியாக்கினேன். சோமவாரம், திங்கட்கிழமை, பொருந்தியது. ஒரு நாழிகை இருபத்துநாலு நிமிடம், சூரிய உதயத்திலிருந்து எண்ணவேண்டும், ஐம்பத்தைந்து நாழிகை என்றால் இருபத்திரண்டு மணித்தியாலம் என்று அவருக்கு விளக்கினேன். அவர் கண்கள் விரிந்தன. அந்த விரிந்த கண்களைப் பார்த்துக்கொண்டே சொன்னேன்:

"திங்கட்கிழமை அதிகாலை நான்கு மணி."

"நிச்சயமா?"

"நிச்சயம்."

அவர் அட்டையில் எழுதினார். பிறகு கடிதத்தின் படத்தை எடுத்துப் பக்கத்தில் வைத்தார். "திங்கட்கிழமை நான்கு மணிக்கு இறந்தவர், செவ்வாய் பிறந்துவிட்டது என்று எழுதியிருக்கிறார்," என்றார். அவருடைய குரலில் மகிழ்ச்சி இல்லை. பழைய நோய் திரும்பி வந்தவரின் குரல் அது.

குடும்பத்தார் பின்னால் எழுதியிருக்கலாம் என்றார். அப்படியானால் அந்தப் பன்னிரண்டு துண்டுகளும் அவருடையவைதானா என்பதும் சந்தேகம். நான் அந்த அம்மாவுக்காக இரண்டு வார்த்தை சொன்னேன். பாட்டனார் நாளைப் பிழையாக எழுதியிருக்கலாம் என்றேன். வேறு ஆதாரம் இருக்கிறதா என்றார். ஊரடங்கு தளர்ந்ததும் மரணப் பதிவின் பிரதியை எடுத்தோம். அதிலும் திங்கட்கிழமைத் திகதிதான். நேரம் எழுதவில்லை. இரண்டு சாட்சி ஒரே நாளைச் சொல்கின்றன என்று அவர் எழுதிக்கொண்டார். மரணத்தை அறிவித்தவர் என்ற இடத்தில் பாட்டனாரின் கையொப்பம் இருந்தது. இரண்டு சாட்சியும் ஒரே வாய் என்பதை நான் யோசிக்கவில்லை.

விசேட விமானம் ஒன்றில் அவரை அனுப்பிவைத்தோம். வீடு திடீரென்று பெரிதாகிவிட்டது. மனைவி மேசையைக் கழுவித் துடைத்தாள்.

கொட்டாஞ்சேனை அம்மா மாதமொருமுறை தொலைபேசி எடுப்பார். "தம்பி, அவர் கடிதத்தைப் பற்றி எழுதிட்டாரோ?" இன்னும் முடியவில்லை அக்கா என்பேன். அது உண்மைதான், ஆனால் அவர் கேட்டதற்கு அது விடையல்ல. "அம்மான்ர பேர் ஒரு புத்தகத்தில வரும் எண்டு நினைக்கவே இல்லை," என்பார். நான் போனை வைத்துவிட்டுப் பல்கனியில் போய் நிற்பேன். கடல்வரை போக இப்போது தடையில்லை. ஆனாலும் போகமாட்டேன்.

ஒன்றரை வருடம் கழித்து எங்கள் ஒழுங்கையில் ஒரு பெரியவர் காலமானார். மகன் கனடாவில். கல்வெட்டுக்கு நாள் போடுவதில் தகராறு வந்துவிட்டது. மகன் வெள்ளிக்கிழமை என்றார், குருக்கள் வியாழன் என்றார். மகன் எனக்கு அழைத்து, "அங்கிள், அப்பா வெள்ளி காலமை மூண்டரைக்குப் போனவர். ஆஸ்பத்திரிக் கடுதாசி என்னட்ட இருக்கு. இவர் என்னெண்டு வியாழன் எண்டுறார்?" என்று கத்தினார்.

"தம்பி, பொறுங்கோ," என்றேன். "எங்கட கணக்கில நாள் விடியேக்கைதான் பிறக்கும். விடிய முந்திப் போனால் முதல் நாள்தான். குருக்கள் சொல்றது சரி. சோமவாரத்தில…"

வியாழன் என்று சொல்ல வந்தவன் சோமவாரம் என்றேன். மகன் "ஹலோ, ஹலோ" என்றுகொண்டிருந்தார்.

பாட்டனாரின் திங்கட்கிழமை, திங்கள் காலை விடிந்தபோது தொடங்கிச் செவ்வாய் காலை விடியும்வரை ஓடியது. அதில் ஐம்பத்தைந்தாவது நாழிகை என்றால் மணிக்கூட்டின்படி செவ்வாய் அதிகாலை நான்கு மணி. பியானோக்காரருக்கோ செவ்வாய் நடுச்சாமத்திலேயே பிறந்துவிட்டது. தூக்கம் வராமல் எழுந்திருந்து, செவ்வாய் என்று திகதி போட்டு, மாணவிக்கு எழுதிவிட்டு, நாலு மணிக்குப் போய்விட்டார். விடியாததால் பாட்டனார் அதைத் திங்கள் என்று எழுதினார். பதிவாளரிடமும் அப்படியே சொன்னார். யாரும் பொய் சொல்லவில்லை. நான் மட்டும் நாளை ஒரு கணக்கிலும் மணியை இன்னொரு கணக்கிலும் எடுத்து, ஒரு மனிதரை இருபத்துநாலு மணித்தியாலம் முந்திக் கொன்றுவிட்டேன். நாழிகைக் கணக்குத் தெரியாத யாரும் இந்தப் பிழையை விட்டிருக்க முடியாது. கல்வெட்டு எழுதுகிறவன் விட்டேன்.

அன்றே வரலாற்றாசிரியருக்கு எழுதியிருக்கவேண்டும். அவருடைய புத்தகம் அச்சுக்கு முந்திய திருத்தத்தில் இருப்பது எனக்குத் தெரியும். பத்தொன்பது நாள் எழுதவில்லை. மின்வெட்டு என்று சொல்லிக்கொண்டேன். பஞ்சாங்கத்தை இன்னொருமுறை பார்க்கவேண்டும் என்றேன். கடிதத்தை எழுதி, "நிச்சயம்" என்று நான் சொன்னதை நினைத்து, அழித்தேன். என் பிழை நிரூபணமாகிவிடும் என்ற பயமல்ல, ஏற்கெனவே நிரூபணமாகிவிட்டது. அவர் கண்களில் நான் என்னவாக இருந்தேனோ அதை என் கையால் எடுத்துப்போட மனம் வரவில்லை.

"எழுதிட்டீங்களோ?" என்று மனைவி ஒவ்வொரு நாளும் கேட்டாள்.

"சரிபார்க்கவேணும்."

"என்னத்தை? பொழுது கிழக்கிலதான் உதிக்குதோ எண்டோ?"

இருபதாம் நாள் அனுப்பினேன். மறுநாளே பதில் வந்தது. புத்தகம் போன வாரம் அச்சாகிவிட்டது. மணியை நீங்கள் சரியாகச் சொன்னீர்கள், நாளைத்தான் தவறவிட்டீர்கள் என்று எழுதியிருந்தார். கோபமாக ஒரு சொல்லும் இல்லை. தன் கையிலுள்ள பிரதிகளில் திருத்தத் துண்டு ஒட்டுவதாகச் சொன்னார். அந்த மடலுக்குப் பிறகு அவருடைய மகளிடமிருந்துதான் செய்தி வந்தது: கண் பார்வை போய்விட்டது, இனி அவரால் எழுத முடியாது.

கொட்டாஞ்சேனைக்குப் பஸ்ஸில் போனேன். எப்படித் தொடங்குவது என்று வழியெல்லாம் யோசித்தது வீண். புத்தகம் எனக்கு முந்தி அங்கே போய்விட்டிருந்தது. துண்டு ஒட்டத் தொடங்குமுன் அவர் மரியாதைக்காக அனுப்பிய பிரதி. அந்த அம்மாவின் உறவுப் பெண் ஒருத்தி பக்கத்தைப் போனில் படமெடுத்து மொழிமாற்றிக் கொடுத்திருக்கிறாள்.

"எங்கட அம்மா கள்ளக் கடிதம் எழுதினவ எண்டு போட்டிருக்கு," என்றார். "அந்தப் பாட்டுகளும் அந்தாள்ர இல்லையாம். சரியோ தம்பி?"

எல்லாவற்றையும் சொன்னேன். நாழிகையைச் சொன்னேன், பத்தொன்பது நாளையும் சொன்னேன். முடிந்ததும் மன்னிப்புக் கேட்டேன்.

"என்னட்டக் கேட்டு என்ன செய்ய?" என்றார். "அம்மா எழுதேல்லை எண்டு எனக்கு எப்பவும் தெரியும். அம்மான்ர அப்பு பொய் எழுதேல்லை எண்டும் தெரியும். எனக்குத் தெரிஞ்சதை எனக்கே வந்து சொல்றியள். தெரியாத ஆக்கள் இதை வாசிச்சுக்கொண்டிருக்கினம். அவையிட்டப் போங்கோ."

"அது எத்தினை பேர், எங்க எண்டு எனக்குத் தெரியாதே அக்கா."

"நீங்கள் நாள் தேடுற ஆள்தானே. ஆளைத் தேடுங்கோ." எழுந்து வாசல்வரை வந்தார். தேத்தண்ணி தரவில்லை. அந்த வீட்டில் அது முதல்தடவை.

அன்றிலிருந்து அதுதான் எனக்கு வேலை. அந்தப் புத்தகம் எந்தெந்த நூலகத்தில் இருக்கிறது என்று இணையப் பட்டியல்களில் பார்க்கிறேன். ஒவ்வொன்றுக்கும் ஒரு மடல், திருத்தத் துண்டின் ஆங்கிலமும் போலிஷும். போலிஷை அவருடைய மகள் எழுதித்தந்தார். எனக்கு அதில் ஒரு எழுத்தும் வாசிக்கத் தெரியாது. இன்ன பக்கத்தில் ஒட்டுங்கள் என்று கேட்கிறேன். சில நூலகங்கள் ஒட்டிப் படமெடுத்து அனுப்பின. அந்தப் படங்களைப் போனில் கொட்டாஞ்சேனை அம்மாவுக்கு அனுப்புவேன். பார்த்ததற்கு அடையாளமாக இரண்டு நீலக்கோடு விழும், பதில் வராது. பல நூலகங்கள் பேசாமலிருக்கின்றன. நூலகத்தில் வைக்காமல் வீட்டுக்கு வாங்கிப்போனவர்களைத் தேட எனக்கு ஒரு வழியும் தெரியவில்லை.

போன புதன்கிழமை ஒரு சிறு நகரத்து நூலகத்திலிருந்து பதில் வந்தது. மிகப் பணிவான பதில். துண்டை ஒட்டுவதில் தங்களுக்கு மகிழ்ச்சியே, ஆனால் புத்தகம் தற்போது இரவலில் இருக்கிறது, வாசகர் இன்னும் திருப்பித் தரவில்லை என்று எழுதியிருந்தார்கள்.